பிறந்த வீட்டுக் கோடி

சென்னை
6.12.1998

அக்காவுக்கு,

தம்பி எழுதுகிறேன். மழையில் நனைந்து வந்த சளி போய்விட்டது, வேறு குறையில்லை. அம்மா இப்போதாவது ஒழுங்காகச் சாப்பிடுகிறாளா? லேப் வேலை முடிந்து நீ வீடு திரும்ப இன்னும் இருட்டிவிடுகிறதா?

சேதி ஒன்று. படிப்பின் கடைசி வருஷத்தில் ஆளுக்கொரு படம் எடுக்க வேண்டும். என்னுடையதை ஆசிரியர்கள் ஒத்துக்கொண்டார்கள். கதை என்று சொல்ல முடியாது. செத்துப்போன ஒரு பெண்ணின் நினைவு கருமாதி வரைக்கும் வீட்டைச் சுற்றிக்கொண்டிருக்கிறது. அவள் முகத்தைக் காட்டவே மாட்டேன். கேமராதான் அவள். அவள் பார்ப்பதை நாம் பார்ப்போம், அவள் குரலைக் கேட்போம். அவள் தன் அண்ணனைத் தேடுகிறாள்.

இந்த இடத்தில் கடிதத்தைக் கீழே வைத்திருப்பாய். சுகன்யா போய் முழுசாக நாலு மாதம்கூட ஆகவில்லை, அதற்குள் இப்படியா என்று நினைப்பாய். எனக்கு வேறு வழி தெரியவில்லை அக்கா.

ஓர் உதவி வேண்டும். அன்று மீன்சுருட்டியில் அவள் புகுந்த வீட்டில் நடந்ததை எனக்கு எழுது. பண்ருட்டி மறியலில் பஸ் திரும்பிவிட்டதால் நான் பார்க்க முடியாமல் போன நாள் அது. மூன்றாம் நாள் பால்தெளிக்கு வந்தபோது யாரையும் கேட்க வாய் வரவில்லை. போனில் வேண்டாம், பூத்தில் நாலு பேர் நிற்பார்கள். எழுது.

அம்மாவுக்கு என் அன்பைச் சொல்.

அரவிந்தன்


அரியலூர்
27.12.1998

தம்பி அரவிந்தனுக்கு,

நாங்கள் இருக்கிறோம். அம்மாவுக்குக் கால் வீக்கம் வடிந்திருக்கிறது. சர்க்கரை பார்த்தேன், கொஞ்சம் கூடுதல். சோறே இறங்காதவளுக்கு எதைத் தின்று ஏறுகிறதோ தெரியவில்லை.

சுகன்யாவின் பெட்டியை மீன்சுருட்டியிலிருந்து கொடுத்தனுப்பிவிட்டார்கள். மாப்பிள்ளைக்கு வேறு இடம் பார்ப்பதாகக் கேள்வி. பெட்டியை அம்மா இன்னும் திறக்கவில்லை.

உன் கடிதம் வந்தது. படத்தில் அவளுக்கு என்ன பெயர்?

அக்கா
மணிமொழி


சென்னை
2.1.1999

அக்காவுக்கு,

புது வருஷ வாழ்த்து சொல்ல மனசில்லை, நீயும் எதிர்பார்க்க மாட்டாய். வயிறு சரியில்லை, ஹாஸ்டல் சாப்பாடு. மற்றபடி நன்றாக இருக்கிறேன்.

அவளுக்குப் பெயர் கிடையாது. பெயர் உடம்போடு போய்விடும் இல்லையா? மிஞ்சுவது என்ன என்பதுதான் படம். சுவிட்சை அணைத்த பிறகும் மின்விசிறி கொஞ்ச நேரம் சுற்றுகிறதே, அதுபோல நினைவும் சுற்றுமா? சுற்றினால் எதைப் பார்த்துக்கொண்டு சுற்றும்? நீ உபநிடதம் முதல் உடற்கூறு வரைக்கும் படித்தவள், உன்னிடம் இதைப் பேச வேண்டும் என்று எத்தனை நாளாகவோ நினைக்கிறேன்.

என்னைக் கேட்டால், அவள் மனசில் கடைசியாக ஓடியது நானாகத்தான் இருக்கும். எங்கள் இரண்டு பேருக்கும் ஒரு வயசுதான் வித்தியாசம். நீ எங்களுக்கு மேலே இருந்தவள். உனக்கு அது முழுக்கப் புரியாது. கோபித்துக்கொள்ளாதே.

அந்த நாளை எழுதி அனுப்பு அக்கா. காத்திருக்கிறேன்.

அரவிந்தன்


அரியலூர்
31.1.1999

தம்பி அரவிந்தனுக்கு,

துக்க வருஷம், பொங்கல் வைக்கவில்லை. அதனால் நீ வராததைப் பற்றியும் அம்மா ஒன்றும் சொல்லவில்லை. எனக்கு இரண்டு வாரம் கண்வலி. மைக்ராஸ்கோப்பை விட்டால் புத்தகம், புத்தகத்தை விட்டால் மைக்ராஸ்கோப் என்று இருந்தால் வராமல் என்ன செய்யும். இப்போது தேவலை.

நீ கேட்டதை ஒரு தடவைதான் எழுதுவேன்.

மஞ்சள் காமாலைக்குக் கீழாநெல்லியும் பத்தியமும் போதும் என்று வைத்துக்கொண்டிருந்தார்கள். சோதனைக்கு என் கைக்கு ரத்தம் வந்தபோது சீரம் டிகாக்ஷன் நிறத்தில் இருந்தது. இது உன் படத்துக்கு வேண்டியிருக்காது. கடைசி இரண்டு நாளும் உன்னைக் கேட்டாள். "அண்ணனுக்கு லீவே கெடையாதாக்கா?" என்றாள். "வருவான்" என்றேன்.

காலையிலேயே முடிந்துவிட்டது. உனக்குப் போன் செய்தது நான்தான். நீயே வந்து எடுத்தாய். "நான் வர்ற வரைக்கும் எடுக்காதீங்கக்கா" என்றாய். அதை நான் வாசலில் எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னேன். பிறந்த வீட்டுக் கோடிப் புடவை போர்த்தாமல் பெண்ணைப் புருஷன் வீட்டிலிருந்து தூக்க மாட்டார்கள், அதுவும் கூடப்பிறந்தவன் கையால் போர்த்த வேண்டும், உனக்குத் தெரியும். அதனால் காத்திருந்தார்கள். கும்பகோணம் போகும் சென்னை பஸ் அந்த வாசலைத் தாண்டித்தான் நிற்கும். ஒவ்வொரு பஸ்ஸுக்கும் எழுந்து போய்ப் பார்த்துவிட்டு வந்து உட்கார்ந்தேன்.

மத்தியானத்துக்கு மேல் பேச்சு ஆரம்பித்தது. மாமியார் பொன்னாயி, "எத்தினி பஸ்ஸு வந்துடுச்சு? ஒந்தம்பி பட்டணத்துல தறி போட்டு நெய்ஞ்சுல்ல எடுத்துக்கிட்டு வராரு கோடிய" என்றாள். நாலு பேர் சிரித்தார்கள். சாவு வீட்டில் சிரிப்பு வருமா என்று நினைக்காதே, வரும். அவர்கள் பங்காளி ஒருவர், "பொறந்த வூடே இல்லாத பொண்ணுன்னு நெனச்சுக்கிட்டுத் தூக்குங்கப்பா, வெயில் என்னா அடிக்குது" என்றார்.

அப்போதுதான் நல்லதம்பி அண்ணன் லாரியிலிருந்து இறங்கினார். ஆலத்தியூர் சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் பாதி லோடில் சேதி கேட்டு அப்படியே வண்டியைத் திருப்பியிருக்கிறார். "ஏன், நாங்கல்லாம் செத்தாபோயிட்டோம்?" என்றார். திரும்ப ஜெயங்கொண்டம் போய் மெரூன் நிறத்தில் ஒரு புடவை வாங்கி வந்தார். அதற்குப் பிறகும் உனக்காக இரண்டு பஸ் பார்த்தோம். பொழுது சாயும் நேரத்தில் அவரையே போர்த்தச் சொன்னார்கள். கை கழுவ ஒருவரும் தண்ணீர் கொடுக்கவில்லை. புடவையில் சுண்ணாம்புத் தூசியோடு அவர் விரல்கள் பதிந்தன. "போயிட்டு வா பாப்பா" என்றார்.

பெரியப்பா மகனும் அண்ணன்தான். முறை தப்பவில்லை.

அம்மா எதையும் பார்க்கவில்லை. மயங்கி மயங்கி விழுந்தவளுக்கு ஊசி போட்டுப் பக்கத்து வீட்டில் படுக்கவைத்திருந்தார்கள். தூக்கியபோதும் அவளுக்கு நினைவில்லை. இன்றுவரை அந்த நாளைப் பற்றி அவள் என்னிடம் கேட்டதில்லை.

குளிர் இருக்கிறது. ஸ்வெட்டர் போட்டுக்கொள்.

அக்கா
மணிமொழி


சென்னை
8.2.1999

அக்காவுக்கு,

உன் கடிதத்தைப் படித்துவிட்டு இரண்டு வேளை சாப்பிடவில்லை. படமே அதில் இருக்கிறது. பஸ் பஸ்ஸாக எழுந்து போவதை அப்படியே எடுக்கப்போகிறேன். கேமரா வாசலுக்குப் போகும், திரும்பி வரும்.

மீன்சுருட்டி வீட்டில் எடுக்க விட மாட்டார்கள். நம் வீட்டு முற்றம் போதும். மாசி கடைசியில் வருகிறேன், என் அறைத்தோழன் சிவசுப்பிரமணியன் கேமரா பிடிக்கிறான். அம்மாவை அம்மாவாகவே நடிக்கச் சொல். நடிக்கவே வேண்டாம், உட்கார்ந்திருந்தால் போதும். நல்லதம்பி அண்ணனையும் வரச் சொல், ஆள் உதவி வேண்டும். அவள் குரலை நீதான் பேச வேண்டும். உனக்கும் அவளுக்கும் ஒரே குரல்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள் இரண்டு பேரும்.

அரவிந்தன்


அரியலூர்
28.3.1999

தம்பி அரவிந்தனுக்கு,

நீங்கள் எல்லாரும் சுகமாகப் போய்ச் சேர்ந்திருப்பீர்கள். நீங்கள் போன பிறகு அம்மாவுக்கு இரண்டு நாள் காய்ச்சல். மலேரியா இல்லை, பார்த்துவிட்டேன். இப்போது கஞ்சி குடிக்கிறாள்.

வீட்டைக் கழுவிவிட்டேன். முற்றத்தில் கேமரா வைத்த பெஞ்சியை மட்டும் எடுக்க அம்மா விடவில்லை.

நல்லதம்பி அண்ணன் நேற்று வந்தார். தெர்மாகோல் அட்டை பிடித்ததில் தோள்பட்டை இன்னும் வலிக்கிறதாம். "நம்மளப் படத்துல போட மாட்டியாடா தம்பி?" என்று கேட்டாராம், நீ "ஒனக்கு வெளிச்சம் புடிக்கிற வேலைண்ணே, அதுதான் படத்துலயே பெரிய வேலை" என்றாயாம். சொல்லிச் சொல்லிச் சிரித்தார். நானும் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். பெஞ்சியில் கேமரா படுத்திருந்தது. நீ வெள்ளைச் சட்டையில் வாசலிலிருந்து கோடியோடு நடந்து வந்தாய். மெரூன் நிறம்தான், கடையிலேயே சரியாகத் தேடி எடுத்திருக்கிறாய். அவர் அட்டையை உயர்த்தி உன் கைமேல் வெளிச்சம் விழவைத்தார். நீ கேமராவைப் போர்த்தினாய். நல்லதம்பி அண்ணனுக்கு அது என்ன காட்சி என்று புரியாமல் இருந்திருக்குமா என்று யோசித்தேன். புரிந்துதான் இருந்தது. அட்டை ஆடவில்லை.

முதல் தடவை அம்மா அழுதபோது ரோட்டில் லாரி ஹார்ன் அடித்துவிட்டது. "இன்னொரு தடவை அழும்மா" என்றாய். அழுதாள். மூன்றாவது தடவை நீ கோடியோடு வந்ததும் உன் கையைப் பிடித்துக்கொண்டு, "எம்புள்ள வந்துட்டான்" என்றாள். அதை நீ சொல்லிக்கொடுக்கவில்லை. "அதான், அதான் வேணும்" என்று சிவசுப்பிரமணியனிடம் சொன்னாய்.

அந்தப் பையன் நல்ல பையன். என்னோடு கொஞ்ச நேரம் பேசிக்கொண்டிருந்தான்.

ஒன்று கேட்க வேண்டும். அன்று நான் பார்த்தவரையில் சென்னை பஸ் எல்லாம் வந்துகொண்டுதான் இருந்தன. நீ எந்தப் பஸ்ஸில் ஏறினாய்?

வெயில் ஆரம்பித்துவிட்டது. மோர் குடி.

அக்கா
மணிமொழி


சென்னை
9.4.1999

அக்காவுக்கு,

இங்கும் வெயில். நீ சொன்னபடி மோர் குடிக்கிறேன். அம்மாவின் காய்ச்சல் விட்டுவிட்டதா? சர்க்கரையைத் திரும்பப் பார். பெஞ்சி அங்கேயே இருக்கட்டும், அவள் இஷ்டம். நல்லதம்பி அண்ணனின் தோளுக்குத் தைலம் ஒன்று வாங்கி வைத்திருக்கிறேன், வரும்போது தருகிறேன்.

ஃபிலிம் கழுவி வந்துவிட்டது. கோடி கேமராமேல் விழுந்ததும் திரை முழுக்க மெரூன். துணியின் இழை இழையாக வெளிச்சம் தெரிகிறது. மே மாதம் டப்பிங். நீ வர வேண்டும். வாசகங்களை இதோடு வைத்திருக்கிறேன், சின்னச் சின்னதாகத்தான் இருக்கும்.

வேறு விசேஷமில்லை.

அரவிந்தன்


அரியலூர்
30.5.1999

தம்பி அரவிந்தனுக்கு,

ஊர் வந்து சேர்ந்தேன். பஸ்ஸில் ஜன்னலோரம் கிடைத்தது. அம்மாவுக்கு நீ கொடுத்த சாத்துக்குடியைக் கொடுத்தேன், இரண்டு சுளை சாப்பிட்டாள்.

டப்பிங்கில் எல்லாவற்றையும் பேசினேன். அவளைப் போலவே மூக்கால் கொஞ்சம் இழுத்துப் பேசினேன். உன் ஆட்கள் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கைகாட்டினார்கள், நன்றாக இருக்கிறதாம். கடைசி வாசகத்தை மட்டும் பேசவில்லை. "தொண்டை சரியில்லையாக்கா?" என்று கேட்டாய். அங்கே பத்துப் பேர் இருந்ததால் ஆமாம் என்றேன். தொண்டைக்கு ஒன்றுமில்லை.

'அண்ணன் வந்துட்டான். இனி நான் போறேன்.' இதை எப்படிப் பேசுவேன்?

சிவசுப்பிரமணியன் படப்பிடிப்பு அன்று என்னிடம் சொன்னதை இப்போது எழுதுகிறேன். எனக்குத் தெரியும் என்று நினைத்துத்தான் சொன்னான், அவனைத் திட்டாதே. "போன் வந்தப்ப நான் பக்கத்துலதான் நின்னேன். 'கெளம்புடா, நான் சொல்லிக்கிறேன்'னேன். இவ்ளோ பெரிய கேமராமேன்கிட்ட அசிஸ்டெண்டா நிக்க இனிமே சான்ஸ் வராது, ரெண்டு நாள்ல முடிச்சுட்டுப் போயிடறேன்னான். அந்த ரெண்டு நாளும் அவன் யார்கிட்டயும் பேசலக்கா" என்றான். நீ பேசாமல் இருந்ததை உனக்குச் சாதகமாகத்தான் சொன்னான்.

நீ வேலையை விட்டு வரவில்லை. அதை நான் மன்னித்திருப்பேனோ என்னவோ. எடுக்காதீர்கள் என்று ஏன் சொன்னாய்? நீ வரவில்லை என்று சொல்லியிருந்தால் காலையிலேயே நல்லதம்பி அண்ணனைக் கூப்பிட்டிருப்போம், மத்தியானத்துக்குள் போர்த்தியிருப்பார். பிறந்த வீடு இல்லாதவள் என்ற பேச்சை அவள் பக்கத்தில் உட்கார்ந்து நான் கேட்டிருக்க மாட்டேன். நீ சொன்ன ஒரு வார்த்தைக்காக அவளை வெயிலில் போட்டுவைத்திருந்தோம்.

எழுதச் சொல்லி நீ கேட்டபோது, இதைச் சொல்லத்தான் படம் எடுக்கிறாய் என்று நினைத்தேன். அதனால்தான் அந்த நாளை எழுதினேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

மணிமொழி


சென்னை
7.6.1999

அக்காவுக்கு,

நலம் விசாரிக்க இன்று தெம்பில்லை.

ஆமாம், வரவில்லை. எல்லாரும் கேட்கிற கேள்விக்குப் பதில் சொல்வதற்கு நான் படம் எடுக்கவில்லை. இது நடந்ததைச் சொல்லும் படம் இல்லை அக்கா. செத்தவளின் நினைவுக்குள் நடப்பது. உடம்பு போன பிறகு மனசுக்குப் பஸ்ஸும் கிடையாது, பொழுதும் கிடையாது. அவள் நான் வரவேண்டும் என்று நினைத்தாள். நினைத்தது அவளுக்குக் கிடைத்துவிட்டது. நான் கொடுத்தேன். இதைக்கூட நான் கொடுக்கக்கூடாதா?

நீ எல்லாவற்றையும் கண்ணாடித் துண்டில் வைத்துப் பார்க்கிறவள். நானும் அவளும் எப்படி இருந்தோம் என்பது உன் மைக்ராஸ்கோப்பில் தெரியாது.

கடைசி வாசகத்தை வேறொரு பெண்ணை வைத்துப் பேசவைத்துவிட்டேன். அம்மாவிடம் இதையெல்லாம் சொல்லாதே. சமயம் பார்த்து நானே வந்து சொல்லுகிறேன்.

அரவிந்தன்


அரியலூர்
20.6.1999

அரவிந்தனுக்கு,

அம்மா சுகம். நானும்.

செத்த பிறகு நினைவு இருக்குமா என்று எனக்குத் தெரியாது. நான் படித்த புத்தகங்களை எழுதியவர்களும் சாகாமல்தான் எழுதினார்கள். உயிரோடு இருந்தபோது அவளுக்கு நினைவு இருந்தது, அது எனக்குத் தெரியும். அதில் உனக்காகக் காத்திருந்தாள். உன் படத்தில் இருக்கும் மனசு உன்னுடையது. அதற்கு அவள் குரலை எடுத்துக்கொண்டாய், என் வழியாக.

அம்மாவிடம் நான் சொல்லவில்லை. நீ வந்து சொல்வாய் என்று எழுதியிருக்கிறாய். ஆவணியில் வருஷப் படையல் வருகிறது. அதற்கு வா. அப்போது சொல். காத்திருக்கிறேன்.

மணிமொழி


சென்னை
15.8.1999

அக்காவுக்கு,

நீயும் அம்மாவும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். நான் அலைச்சலில் கொஞ்சம் இளைத்திருக்கிறேன், அவ்வளவுதான்.

படம் கல்கத்தாவில் மாணவர் பட விழாவுக்குத் தேர்வாகியிருக்கிறது! படையல் வாரத்தில்தான் விழா. நான் போயே ஆக வேண்டும். படையலைத் தள்ளிவைக்க முடியாது, தெரியும். மனசு கேட்கவில்லை, ஆனால் நீ புரிந்துகொள்வாய்.

ஒன்று சொன்னால் சிரிப்பாய். இங்கே திரையிட்டபோது பார்த்த ஒருவர் ஒரு சிறுபத்திரிகையில் எழுதியிருக்கிறார். கடைசி வாசகத்தில் குரல் வேறொருத்தியுடையதாக மாறுகிறதே, அதுதான் படத்தின் உச்சமாம். தன் அடையாளத்தையும் உதறிவிட்டு நினைவு வெளியேறும் கணத்தைக் குரல் மாற்றத்தால் காட்டியிருக்கிறேனாம். நான் அவரைத் திருத்தவில்லை. பார்த்தாயா, நீ பேசாமல் விட்டதும் படத்துக்கு நல்லதாகத்தான் போயிற்று.

வீடியோ கேசட் ஒன்று அனுப்புகிறேன். அம்மாவுக்குப் போட்டுக் காட்டு. மற்ற விஷயத்தைத் தீபாவளிக்கு வரும்போது பேசிக்கொள்ளலாம்.

அரவிந்தன்


அரியலூர்
12.9.1999

அரவிந்தனுக்கு,

கேசட் கிடைத்தது. எதிர்வீட்டில் டெக் இருக்கிறது, அங்கே போய் அம்மா பார்த்தாள். முதல் நாள் அழுதாள். மறுநாள் அவளாகவே போய்ப் பார்த்துவிட்டு வந்தாள். அதன் பிறகு தினமும் போகிறாள். தெருவில் இரண்டு பேரைக் கூடக் கூட்டிக்கொண்டு போய், "இது நானு. இந்தா வரான் பாரு, எம்புள்ள" என்று காட்டுகிறாள். முகம் தெளிந்திருக்கிறது. சாப்பிடுகிறாள். இதையும் எழுத வேண்டும் இல்லையா, எழுதுகிறேன்.

போன வாரம் எதிர்வீட்டு ரத்தினம்மாளிடம் பேசிக்கொண்டிருந்தது என் காதில் விழுந்தது. "அவ செத்த அன்னைக்கு எம்மவன் பட்டணத்துலேருந்து ஓடியாந்து தங்கச்சியத் தன் கையாலயே போத்தி அனுப்பிச்சான். அந்தக் கையத்தான் நான் புடிச்சுக்கிட்டேன்" என்றாள். "படத்துலயா?" என்றாள் ரத்தினம்மாள். "படம் அப்பறந்தான எடுத்தாங்க" என்றாள் அம்மா. ஊசி போட்டு இருட்டாகக் கிடந்த அந்த நாளில் அவளுக்கு ஒன்றும் இல்லாமல் இருந்தது. இப்போது நீ இருக்கிறாய்.

நான் திருத்தியிருக்க வேண்டும். நீ வந்து சொல்வாய் என்று விட்டுவைத்தேன்.

முந்தாநாள் படையல். மீன்சுருட்டியில் செய்ய மாட்டார்கள், மாப்பிள்ளைக்கு ஆனியிலேயே கல்யாணம் ஆகிவிட்டது. இங்கேயே இலை போட்டோம். நல்லதம்பி அண்ணன் குளித்து, வெள்ளை வேட்டி கட்டி, படையலில் வைக்கப் பிறந்த வீட்டுப் புடவை வாங்கிக்கொண்டு ஆலத்தியூரிலிருந்து வந்தார். இலைப் பக்கத்தில் வைக்கக் குனிந்தார். அம்மா கையை நீட்டித் தடுத்தாள்.

"எதுக்குடா இது இப்ப?" என்றாள். "அவளத் தூக்குன அன்னைக்கு எங்கடா போயிருந்தே? எம்புள்ள மெட்ராஸ்லேருந்து வந்துட்டான். இந்தா இருக்கிற ஆலத்தியூர்லேருந்து வர ஒனக்குக் கால் இல்லையா?"

அவர் என்னைப் பார்த்தார். நான் வாயைத் திறந்தேன். வேண்டாம் என்று தலையசைத்தார். அம்மா விடவில்லை. "கேக்கறன்ல, சொல்லு. என்னா வெட்டி முறிச்சே?"

"வேலை இருந்துச்சு சித்தி" என்றார். "வர முடியல."

புடவையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, சாப்பிடாமல் போய்விட்டார்.

போன ஆவணியில், வேலை இருக்கிறது, வர முடியாது என்று சொல்ல வேண்டியவன் நீ. இந்த ஆவணியில் அதைச் சொல்லவும் உனக்குப் பதில் அவர்தான் வந்தார்.

மணிமொழி